டைனோசர்களுக்குப் பின்: அரைக் கிலோவிலிருந்து ஐம்பது கிலோவுக்கு பாலூட்டிகள் வந்த வழி

"டைனோசர்கள் அழிந்தன, பிறகு பாலூட்டிகள் தோன்றின." பலர் மனதில் இந்த ஒற்றை வரிதான் பதிந்திருக்கிறது. இதன் பிற்பாதி தவறு. பாலூட்டிகள் டைனோசர்களுக்குப் பின்னால் வந்தவை அல்ல, அவற்றோடு கூடவே நெடுங்காலம் வாழ்ந்தவை. அந்தப் பேரழிவில் மாறியது அவற்றின் உடல் அளவும், அவை தின்ற உணவும்தான். அந்த மாற்றம் எவ்வளவு வேகமாக, எந்த வரிசையில் நடந்தது என்பதைக் கற்களைக் கொண்டே இன்று ஓரளவு துல்லியமாகச் சொல்ல முடியும்.

முதலில் காலக் கணக்கு. லட்சம், கோடி என்று அடுக்கினால் மனதில் நிற்காது. ஒரு கோடு வரைந்துகொள்வோம். நீளமான காகிதத்தில் ஒரு புள்ளி வையுங்கள். அதுதான் சிறுகோள் பூமியில் மோதிய நாள். அங்கிருந்து வலப்பக்கம் 66 சென்டிமீட்டர் போனால் இன்றைய தேதி வரும். அதாவது 6.6 கோடி ஆண்டுகள். இந்தக் கோட்டில் ஒரு மில்லிமீட்டர் என்பது ஒரு லட்சம் ஆண்டு. நம் இனமான ஹோமோ சேப்பியன்ஸின் மொத்த வரலாறு, ஏறக்குறைய 3 லட்சம் ஆண்டு, கோட்டின் கடைசி 3 மில்லிமீட்டரில் அடங்கிவிடும்.

இப்போது புள்ளிக்கு இடப்பக்கம் பாருங்கள். பாலூட்டிகளின் மிகப் பழைய உறவினர்களில் ஒன்றான மார்கனுகோடானின் எச்சங்கள் பிரிட்டனின் வேல்ஸ் பகுதியில் கிடைத்துள்ளன. வயது ஏறக்குறைய 20.5 கோடி ஆண்டு. நம் கோட்டில் அது இடப்பக்கம் 139 சென்டிமீட்டர் தள்ளி நிற்கும். டைனோசர்களுக்குப் பிறகு பாலூட்டிகள் கடந்து வந்த காலத்தைப்போல இரு மடங்குக்கும் அதிகமான காலத்தை அவை டைனோசர்களின் உலகிலேயே கழித்திருக்கின்றன.

கல்லில் பாலூட்டியை அடையாளம் காண்பது எப்படி?

பாலும் ரோமமும் கல்லாக மாறிக் கிடைப்பது அரிது. ஆய்வாளர்கள் முதலில் பார்ப்பது தாடையையும் பல்லையும். ஊர்வனவற்றின் கீழ்த்தாடையில் பக்கத்துக்குப் பல எலும்புகள் இருக்கும். பாலூட்டிகளுக்கு ஒரே எலும்பு. முன்பு தாடை மூட்டாக இருந்த இரண்டு சிறு எலும்புகள் மெல்ல மெல்லச் சுருங்கி நடுக்காதுக்குள் நகர்ந்தன. பள்ளிப் பாடத்தில் படிக்கும் சுத்தி எலும்பும் பட்டை எலும்பும் அவைதாம். நம் காதில் ஒலியைக் கடத்தும் எலும்புகள் ஒரு காலத்தில் மெல்லும் எலும்புகளாக இருந்தன என்பதற்கு, இடைநிலைப் புதைபடிவங்கள் வரிசையாகவே கிடைத்திருக்கின்றன.

பல்லின் கதை இன்னும் முக்கியம். முதலைக்கு வாழ்நாள் முழுவதும் பல் விழுந்து முளைத்துக்கொண்டே இருக்கும். ஆகவே மேல்பல்லும் கீழ்ப்பல்லும் ஒன்றோடொன்று கச்சிதமாகப் பொருந்த வேண்டிய தேவையும் இல்லை, வாய்ப்பும் இல்லை. பாலூட்டிக்குப் பால்பல் விழுந்து ஒரே ஒரு முறை நிலையான பல் முளைக்கும். கடைவாய்ப் பற்களோ முளைத்தால் முளைத்ததுதான். இப்படி ஒரே இடத்தில் நிலைத்து நிற்கும் பற்கள் உரலும் உலக்கையும்போலப் பொருந்தத் தொடங்கின. மேல் கடைவாய்ப் பல்லின் ஒரு முனை, கீழ்ப் பல்லின் குழியில் இறங்கி நசுக்கும். பக்கச் சரிவுகள் கத்தரிபோல உரசி வெட்டும். பூச்சியின் ஓட்டை உடைப்பதும் விதையை நொறுக்குவதும் இதே பல்லால் முடியும். பேரழிவுக்குப் பிறகு நடந்தவற்றில் பெரும்பகுதி இந்த ஒரு பல்லமைப்பின் மேல் கட்டப்பட்டது. குழியை அகலமாக்கினால் கொட்டை உடைக்கலாம், சரிவைக் கூராக்கினால் இறைச்சி அறுக்கலாம், மேடுகளை வரிசையாக்கினால் இலை அரைக்கலாம்.

டைனோசர் காலத்துப் பாலூட்டிகள் எல்லாம் புதருக்குள் ஒளிந்த மூஞ்சுறுகள் என்று நினைப்பதும் சரியில்லை. சீனாவின் லூஃபெங்கில் கிடைத்த ஹட்ரோகோடியத்தின் மண்டையோடு 12 மில்லிமீட்டர்தான், எடை 2 கிராம் இருந்திருக்கலாம் என்கிறார்கள். ஆனால் அதே நாட்டின் உள் மங்கோலியாவில் கிடைத்த காஸ்டரோகாடா, தட்டையான வாலோடு நீந்தி மீன் பிடித்த விலங்கு. மரத்துக்கு மரம் சறுக்கிப் பறந்தவையும் இருந்தன. ரெபனோமாமஸ் என்ற விலங்கின் வயிற்றுப் பகுதியில் ஒரு குட்டி டைனோசரின் எலும்புகளே கிடைத்தன. 2005இல் வெளியான இந்தக் கண்டுபிடிப்பு அன்று பெரிய வியப்பைத் தந்தது. ரெபனோமாமஸின் பெரிய இனம் 12 முதல் 14 கிலோ எடை கொண்டது. டைனோசர் காலத்துப் பாலூட்டிகளுக்கு உச்சவரம்பு ஏறக்குறைய அதுதான். வாழும் முறையில் எத்தனையோ வகை காட்டியவை, எடையில் மட்டும் அந்த வரம்பைத் தாண்டவே இல்லை. பெரிய உடல் கொண்டு வாழக்கூடிய இடங்களையெல்லாம் டைனோசர்கள் பிடித்து வைத்திருந்தன என்பதே இதற்குப் பெரும்பாலானோர் ஏற்கும் விளக்கம்.

மோதலும் அதன் விளைவும்

இத்தாலியின் குபியோ ஊருக்கு அருகே சுண்ணாம்புப் பாறைகளுக்கு நடுவே ஒரு சென்டிமீட்டர் அளவே உள்ள களிமண் அடுக்கு இருக்கிறது. அதில் இரிடியம் என்ற உலோகம் வழக்கத்தைவிடப் பல மடங்கு அதிகம். பூமியின் மேலோட்டில் அரிதாகவும் விண்கற்களில் அதிகமாகவும் இருக்கும் உலோகம் அது. 1980இல் லூயிஸ் ஆல்வரெஸ், அவர் மகன் வால்டர் ஆல்வரெஸ், ஃபிராங்க் அசாரோ, ஹெலன் மிஷேல் ஆகியோர் இதைக் கொண்டு, ஏறக்குறைய 10 கிலோமீட்டர் அகலமுள்ள சிறுகோள் ஒன்று மோதியிருக்க வேண்டும் என்றார்கள். மோதிய இடம் மெக்சிகோவின் யுகட்டான் தீபகற்பத்தில் உள்ள சிக்ஷுலூப் என்பது 1991 வாக்கில் உறுதிப்பட்டது. பள்ளத்தின் விட்டம் ஏறக்குறைய 180 கிலோமீட்டர்.

விழுந்த இடம் பூமிக்கு மிக மோசமான இடமாக அமைந்துவிட்டது. அங்கே தரைக்கடியில் ஜிப்சம் போன்ற கந்தகம் மிகுந்த பாறைகள் இருந்தன. அவை ஆவியாகி வானில் கந்தகத் துகள் படலமாகப் பரவின. அதோடு புகைக்கரியும் தூசியும் சேர்ந்து மாதக்கணக்கில் வெயிலை மறைத்தன. செடிகளால் உணவு தயாரிக்க முடியவில்லை. இலையைத் தின்றவை முதலில் செத்தன, அவற்றைத் தின்றவை அடுத்து. பூமியின் உயிரினங்களில் ஏறக்குறைய முக்கால்வாசி அழிந்தன.

இங்கே ஒன்றை அழுத்திச் சொல்ல வேண்டும்: பாலூட்டிகள் இந்தப் பேரழிவில் நோகாமல் தப்பவில்லை. அவற்றிலும் மிகப் பெரும்பான்மை இனங்கள் அழிந்தன. மோதலுக்கு முன் வட அமெரிக்காவில் செழிப்பாக இருந்தவை கங்காருவின் தூரத்து உறவினர்களான பைப்பாலூட்டி வகையினர். அவர்களில் மிகச் சிலரே மிஞ்சினார்கள். அந்தக் கிளை பிறகு தென் அமெரிக்காவிலும் ஆஸ்திரேலியாவிலும்தான் மீண்டும் தழைத்தது. கடைவாய்ப் பல்லில் வரிசை வரிசையாகக் குமிழ்கள் கொண்ட மல்டிடியூபர்குலேட்டுகள் பரவாயில்லாமல் தப்பின. பார்ப்பதற்கு எலிபோல இருந்தாலும் எலிக்கு இவை உறவில்லை. பேரழிவையே தாண்டிவந்த இந்தக் கூட்டம், ஏறக்குறைய 3.5 கோடி ஆண்டுகளுக்கு முன்பு வாரிசு இல்லாமல் மறைந்துபோனது. மூன்றாவது கூட்டம் நஞ்சுக்கொடிப் பாலூட்டிகளின் வழி. நாய், பசு, வௌவால், மனிதர் எல்லாரும் வந்த வழி அது.

தப்பியவைக்குப் பொதுவாக என்ன இருந்தது? சிறிய உடல், ஆகவே குறைந்த தீனி போதும். வளை, பொந்து, மரவேர் என ஒதுங்க இடம் கிடைக்கும். ஆண்டுக்கு ஒன்றிரண்டு ஈற்றாவது குட்டி போடும் வேகம். எல்லாவற்றையும்விட, உணவில் பிடிவாதம் இல்லாமை. பச்சை இலை இல்லாதபோதும் மண்ணில் விதை இருக்கும், மட்கிய கட்டையில் புழு இருக்கும், அழுகிய சருகைத் தின்னும் பூச்சி இருக்கும். அந்தச் சங்கிலி வெயிலை உடனடியாக நம்பி இருப்பதில்லை. பூச்சியும் விதையும் கலந்து தின்ற சிறு விலங்கு அதைப் பிடித்துக்கொண்டு நாள் கடத்த முடிந்தது.

பற்களை எப்படிக் கண்டெடுக்கிறார்கள்?

இந்தக் காலத்துப் பாலூட்டிகளைப் பற்றி நமக்குத் தெரிந்தவற்றில் பெரும்பகுதி, அரிசியைவிடச் சிறிய பற்களிலிருந்து வந்தது. எனாமல்தான் உடலிலேயே மிகக் கடினமான பொருள். எலும்பு கரைந்தாலும் பல் நிற்கும்.

முறை எளிது, பொறுமைதான் அதிகம் வேண்டும். பல் இருக்கும் என்று தெரிந்த மண்ணைச் சாக்குச் சாக்காக அள்ளி முதலில் நன்றாகக் காயவைக்க வேண்டும். காய்ந்த களிமண்தான் தண்ணீரில் போட்டதும் உதிரும். ஈரமாகவே போட்டால் கட்டியாக நிற்கும். பிறகு ஏறக்குறைய அரை மில்லிமீட்டர் கண் உள்ள சல்லடையில் அலசி, மிஞ்சிய குறுமணலை மீண்டும் உலர்த்தி, நுண்ணோக்கியின் கீழ் மணி மணியாகப் பார்த்துப் பல்லைப் பொறுக்க வேண்டும். சல்லடைக் கண் பெரிதானால் மிகச் சிறிய இனங்களின் பற்கள் ஓடிவிடும். அந்த ஊரில் சிறிய விலங்கே வாழவில்லை என்ற தவறான முடிவு வரும். அமெரிக்காவின் மேற்குப் பகுதிகளில் எறும்புகளும் இந்த வேலையில் உதவின. அங்குள்ள ஒருவகை எறும்புகள் தங்கள் புற்றின் மேல் சிறு கற்களைக் கொண்டுவந்து பரப்பும். அந்தக் கற்களுக்கிடையே பற்களும் இருக்கும். 19ஆம் நூற்றாண்டின் இறுதியிலேயே ஜான் பெல் ஹேச்சர் வயோமிங்கில் எறும்புப் புற்றுகளைச் சலித்துப் பாலூட்டிப் பற்களைச் சேகரித்தார்.

எங்கே தவறு நேரும் என்பதற்கு மொன்டானாவின் பக் கிரீக் நல்ல பாடம். அங்கே டைனோசர் பற்களும், பேரழிவுக்குப் பிந்தைய தோற்றமுள்ள பாலூட்டிப் பற்களும் ஒரே மணலில் கலந்து கிடந்தன. அப்படியானால் இந்தப் பாலூட்டிகள் டைனோசர்கள் இருக்கும்போதே வந்துவிட்டன என்றுதான் முதலில் எண்ணினார்கள். பிறகு ஆற்றின் போக்கைக் கூர்ந்து பார்த்தபோது காரணம் புரிந்தது. பேரழிவுக்குப் பிறகு ஓடிய ஆறு தன் கரையில் இருந்த பழைய பாறையை அரித்து, அதிலிருந்த டைனோசர் பற்களையும் உருட்டிக்கொண்டு வந்து புதிய மணலில் போட்டிருந்தது. ஒரு பல் கிடைத்த இடம் வேறு, அது வாழ்ந்த காலம் வேறு. இந்தத் துறையில் யார் எதைச் சொன்னாலும் "ஆறு கலக்கியிருக்குமா?" என்ற கேள்வியை முதலில் கேட்பது நல்லது.

பல்லிலிருந்து எடையைக் கணிப்பதற்கும் ஒரு வழி உண்டு. இன்று வாழும் நூற்றுக்கணக்கான விலங்குகளில் கீழ்த்தாடையின் முதல் கடைவாய்ப் பல்லின் நீள அகலத்தையும் உடல் எடையையும் அளந்து, இரண்டுக்கும் உள்ள உறவைச் சூத்திரமாக்குகிறார்கள். அதில் பழைய பல்லின் அளவைப் போட்டால் எடை வரும். உடலுக்குப் பொருந்தாத அளவில் பல் கொண்ட கூட்டங்களில் இந்தக் கணக்கு பிசகும். மண்டையோடு கிடைத்தால் அதன் நீளத்தையும் சேர்த்துச் சரிபார்ப்பார்கள். ஆனால் மண்டையோடு கிடைப்பதுதான் அரிது.

காரல் பிளஃப்ஸ்

அமெரிக்காவின் கொலராடோ மாநிலத்தில், கொலராடோ ஸ்பிரிங்ஸ் நகருக்கு அருகே உள்ள மண்மேடுகள் இவை. டென்வர் இயற்கை மற்றும் அறிவியல் அருங்காட்சியகத்தின் டைலர் லைசனும் இயன் மில்லரும் அங்கே தேடியபோது, பல காலம் எலும்பு என்று ஒன்றும் பெரிதாகக் கிடைக்கவில்லை. பளபளக்கும் எலும்பைத் தேடுவதை விட்டுவிட்டு, வெளிறிய நிறத்தில் உருண்டு கிடந்த முட்டைபோன்ற கற்களைத் தேடத் தொடங்கியதும்தான் நிலைமை மாறியது. எலும்பைச் சுற்றிக் கனிமம் படிந்து இறுகினால் இப்படிப்பட்ட கல் உண்டாகும். 2016இல் அவற்றில் ஒன்றை உடைத்துப் பார்த்தபோது உள்ளே தாடை இருந்தது. பிறகு மண்டையோடுகள் ஒன்றன்பின் ஒன்றாக வந்தன. பல்லே பெரிய விஷயமாக இருந்த காலகட்டத்துக்கு முழு மண்டையோடுகள்!

2019 அக்டோபரில் வெளியான அவர்களின் ஆய்வு தனித்து நிற்பதற்குக் காரணம் மண்டையோடு மட்டும் அல்ல. விலங்கு, இலை, மகரந்தம், காலம் ஆகிய நான்கும் ஒரே மலைச்சரிவில் அடுக்கடுக்காகக் கிடைத்தன. எரிமலைச் சாம்பல் அடுக்கில் உள்ள சிர்கான் படிகங்களில் யுரேனியம் எவ்வளவு ஈயமாக மாறியிருக்கிறது என்று அளந்து ஆண்டைக் கணக்கிட்டார்கள். காலத்தை நிலைநிறுத்தும் முதல் முளைக்கம்பு அது. பூமியின் காந்தத் திசை தலைகீழாகப் புரண்ட தடயம் பாறையில் பதிந்திருக்கும். உலகெங்கும் ஒரே காலத்தில் நடந்த அந்தப் புரட்டல் இரண்டாவது முளைக்கம்பு. டைனோசர் காலத்து மகரந்தங்கள் சட்டென்று மறையும் இடம் மோதலின் மட்டத்தைக் காட்டும். இந்த மூன்றையும் கட்டிவைத்தால், இடையில் கிடைக்கும் எந்தத் தாடைக்கும் ஆண்டு சொல்லலாம்.

நம் கோட்டுக்குத் திரும்புவோம். புள்ளிக்கு உடனே வலப்பக்கம், கண்ணுக்குத் தெரியாத அளவு தூரத்தில், நிலமெங்கும் பெரணிகள். பெரணியின் வித்துத்தூள் காற்றில் பறக்கும், மொட்டைத் தரையில் முதலில் முளைக்கும். 1883இல் கிரகட்டோவா எரிமலை வெடித்துத் தீவு கருகிப்போன பிறகு, 1886இல் அங்கே போன தாவரவியலாளர்கள் கண்டதிலும் பெரணிகளே மேலோங்கியிருந்தன. இந்தப் பெரணி உலகில் வாழ்ந்த மிகப் பெரிய பாலூட்டியின் எடை அரைக் கிலோவைச் சற்றே தாண்டும். மோதலுக்கு முன் அதே பகுதியில் 8 கிலோ வரை இருந்தவை உண்டு. அவை எல்லாம் போய்விட்டன.

ஒரு மில்லிமீட்டர் தள்ளி, அதாவது 1 லட்சம் ஆண்டில், பனைக் குடும்பத்து மரங்கள் நிறைந்த காடு. வகைகள் குறைவு, ஆனால் காடுதான். பாலூட்டி இனங்களின் எண்ணிக்கை இரட்டித்தது, எடையும் பழைய அளவை எட்டிப்பிடித்தது. லாக்ஸோலோஃபஸ் என்ற விலங்கு ஏறக்குறைய 6 கிலோ, ரக்கூன் அளவு.

மூன்று மில்லிமீட்டரில், 3 லட்சம் ஆண்டில், வால்நட் குடும்பத்து மரங்கள் பலவகையாகப் பெருகின. மகரந்தத்தில் அது தெளிவாகத் தெரிகிறது. அதே மட்டத்தில் கார்சியோப்டிகஸ் என்ற 25 கிலோ விலங்கு வருகிறது. அதன் முன்கடைவாய்ப் பற்கள் அகன்று, மடிப்பு மடிப்பாக, கடினமானதை உடைப்பதற்கு ஏற்றபடி இருந்தன. டைனோசர் காலம் முழுவதும் தாண்ட முடியாத எடை வரம்பை, மனித இனத்தின் வயதுக்குச் சமமான காலத்துக்குள் தாண்டியாயிற்று.

ஏழு மில்லிமீட்டரில் அவரைக் குடும்பம் வருகிறது. வட அமெரிக்காவில் இதுவரை தெரிந்த மிகப் பழைய அவரைக் குடும்பத்துக் காய்கள் இங்கேதான் கிடைத்தன. அவரை, துவரை, புளி எல்லாம் இந்தக் குடும்பம்தான். புரதம் மிகுந்த விதைகளுக்குப் பேர்போனது. அதே காலத்தில் பாலூட்டிகளின் எடை 50 கிலோவை நெருங்குகிறது. இயோகோனோடானும், மல்டிடியூபர்குலேட் வகையைச் சேர்ந்த டேனியோலாபிஸும் அந்தக் காட்டில் உலவிய பெரிய விலங்குகள்.

இந்த இணைப்பை எவ்வளவு தூரம் நம்பலாம்? செடியும் எடையும் ஒரே மட்டத்தில் உயர்கின்றன என்பது தரவு. செடியால்தான் எடை உயர்ந்தது என்பது விளக்கம். அதே மட்டங்களில் வெப்பநிலையும் உயர்ந்ததை இலைகளின் வடிவம் காட்டுகிறது. இலையின் ஓரம் மழமழப்பாக இருக்கும் மரங்கள் வெப்பமான இடங்களில் அதிகம், பல்லுப்பல்லாக இருக்கும் மரங்கள் குளிர்ந்த இடங்களில் அதிகம். அந்த விகிதத்தை வைத்துப் பழைய வெப்பநிலையைக் கணிக்கிறார்கள். வெப்பம் காட்டை மாற்ற, காடு விலங்கை மாற்றியிருக்கலாம். எடை கூட வேண்டுமானால் ஆண்டு முழுவதும் சத்தான தீனி தடையில்லாமல் கிடைக்க வேண்டும் என்ற அடிப்படைக் கணக்கோடு இது பொருந்துவதால், "காலியிடம் கிடைத்ததும் பெருத்துவிட்டன" என்ற பழைய விளக்கத்தைவிட "காடு தந்த அளவுக்குப் பெருத்தன" என்பதே வலுவானது. காலியிடம் முதல் நாளிலேயே இருந்தது. எடை கூடியதோ படிப்படியாகத்தான்.

ஒரே இடத்தில் இப்படித் தொடர்ச்சியான நில அடுக்குகள் கிடைப்பது எவ்வளவு அரிது என்பதை நம் அரியலூர் வட்டாரமே காட்டும். அங்கே கல்லமேடு மணற்பாறையில் டைனோசர் எலும்புகள் கிடைக்கின்றன. ஆனால் அதற்கு மேலே வரும் நினியூர் அடுக்கு, கடல் திரும்ப ஏறிவந்து படியவைத்த சுண்ணாம்பு. கடலடியில் படிந்த பாறையில் நிலத்துச் சிறு விலங்குகளின் கதையைத் தொடர்ந்து படிக்க முடியாது.

உடல் முதலில், மூளை பிறகு

பேரழிவுக்குப் பின் பாலூட்டிகள் அறிவால் வென்றன என்று சொல்லிக்கொள்வதுண்டு. மண்டையோடுகளை சி.டி. ஸ்கேன் செய்து மூளைக்குழியின் அளவைக் கணக்கிட்ட எடின்பரோ பல்கலைக்கழக ஆய்வாளர்கள், 2022இல் நேர்மாறான முடிவை வெளியிட்டார்கள். முதல் 1 கோடி ஆண்டில் உடல் எடை வேகமாகக் கூடியது, மூளை அந்த வேகத்துக்கு ஈடுகொடுக்கவில்லை. உடலோடு ஒப்பிட்டால், டைனோசர் காலத்துப் பாலூட்டிகளைவிட இவற்றின் மூளை சிறியது. காடுகளில் கூட்டம் பெருகிப் போட்டி கூடிய பிறகுதான், பார்வைக்கும் அசைவுக்கும் உரிய மூளைப் பகுதிகள் விரிந்தன.

உடல் எப்படி இவ்வளவு வேகமாகப் பெருத்தது என்பதற்கும் அதே ஆண்டில் ஒரு துப்பு கிடைத்தது. நியூ மெக்சிகோவில் 6.2 கோடி ஆண்டுகளுக்கு முன்பு வாழ்ந்த பான்டோலாம்ப்டா, ஏறக்குறைய 42 கிலோ எடையுள்ள விலங்கு. அதன் பல்லை மெல்லிய வில்லைகளாக வெட்டிப் பார்த்தால், மரத்தின் ஆண்டு வளையம்போல நாள் கணக்கில் வளர்ச்சிக் கோடுகள் தெரியும். பிறந்த நாளில் துத்தநாகத்தின் அளவு எகிறும். தாய்ப்பால் குடிக்கும் நாட்களில் பேரியம் கூடியிருக்கும், பால் மறந்ததும் குறையும். இந்த இரண்டையும் கோடுகளோடு வைத்து எண்ணியபோது, தாயின் வயிற்றில் ஏறக்குறைய 7 மாதம், பால்குடி ஒன்றிரண்டு மாதம் என்று வந்தது. கங்காருக் குட்டி ஒரு மாதக் கருவிலேயே வெளிவந்து பையில் வளர்வதோடு இதை ஒப்பிட்டுப் பாருங்கள். குட்டி வயிற்றிலேயே நன்றாக வளர்ந்து, பிறந்த சிறிது காலத்தில் தானே மேயும் நிலைக்கு வந்தால், இனம் பெரிய உடலை நோக்கிப் போவது எளிதாகும்.

பழக்கமான முகங்கள் எப்போது வந்தன?

இதுவரை சொன்ன விலங்குகள் எதையும் இன்று நேரில் பார்த்தால் "இது நாய்", "இது மான்" என்று சொல்ல முடியாது. பல கூட்டங்கள் வாரிசு இல்லாமல் முடிந்துபோனவை. விதிவிலக்குபோலத் தோன்றுவது மொன்டானாவின் பர்கடோரியஸ். மோதலுக்குப் பின் ஏறக்குறைய 1 லட்சம் ஆண்டு கடந்த அடுக்கிலேயே இதன் பற்கள் கிடைக்கின்றன. குரங்குகளும் மனிதர்களும் அடங்கிய வகையின் மிகப் பழைய உறவினர் இது என்பது பலரின் கருத்து. கணுக்கால் எலும்பின் அமைப்பு, அது மரமேறி என்று காட்டுகிறது.

நஞ்சுக்கொடிப் பாலூட்டிகளின் இன்றைய கிளைகள் எப்போது பிரிந்தன என்பதில் இரண்டு கடிகாரங்கள் இன்னும் ஒத்துப்போகவில்லை. டி.என்.ஏ. மாற்றங்களை எண்ணும் கடிகாரம், முதல் பிரிவுகள் டைனோசர் காலத்திலேயே நடந்தன என்கிறது. ஐயத்துக்கு இடமில்லாத படிவங்களோ மோதலுக்குப் பிறகுதான் கிடைக்கின்றன. கிளைகள் முன்பே பிரிந்திருந்தாலும் எல்லாம் ஒரேபோல் சிறிதாக இருந்ததால் பல்லில் வேறுபாடு தெரியவில்லை என்பது ஒரு சமாதானம். பிரிவது வேறு, தோற்றம் மாறுவது வேறு என்பதை மனதில் வைத்தால் இந்தச் சிக்கல் பாதி அவிழும்.

கோட்டில் 10 சென்டிமீட்டர் தள்ளி, 5.6 கோடி ஆண்டுகளுக்கு முன்பு, பூமி 5 முதல் 8 டிகிரி வரை சூடேறியது. அந்தச் சூடு கோட்டில் 2 மில்லிமீட்டர் அகலம்கூட இல்லை. வடதுருவத்தை ஒட்டிய நிலப்பாதைகள் வழியே விலங்குகள் கண்டம் விட்டுக் கண்டம் போயின. குரங்கு வகை, மான்-பன்றி வகை, குதிரை வகை மூன்றும் வடக்குக் கண்டங்களின் பாறைகளில் ஏறக்குறைய ஒரே சமயத்தில் தலைகாட்டுவது அப்போதுதான். வயோமிங்கில் வாழ்ந்த மிகப் பழைய குதிரையான சிஃப்ரிப்பஸ் பூனை அளவுதான். சூடு கூடக்கூட அது இன்னும் 30 சதவீதம் சிறுத்தது, பின்பு குளிர்ந்தபோது 76 சதவீதம் பெருத்தது. வெப்பத்தில் சிறிய உடல் சூட்டை எளிதில் வெளியேற்றும் என்பது இதற்குச் சொல்லப்படும் காரணம்.

அந்தக் காலத்தில் இந்தியா ஆசியாவோடு ஒட்டியிருக்கவில்லை. மடகாஸ்கரிலிருந்து பிரிந்து வடக்கே நகர்ந்துகொண்டிருந்த நிலப்பரப்பு. சிறுகோள் மோதலை ஒட்டிய காலத்தில் தக்காணத்தில் எரிமலைக் குழம்பு அடுக்கடுக்காகக் கொட்டிக்கொண்டிருந்தது. இரண்டு குழம்பு அடுக்குகளுக்கிடையே அமைதியான இடைவெளியில் உண்டான ஏரி வண்டலில், தெலங்கானாவின் நஸ்கலில், டெக்கனோலெஸ்டெஸ் என்ற சிறு பாலூட்டியின் பற்கள் கிடைத்தன. 1988இல் ஜி.வி.ஆர். பிரசாதும் அசோக் சாஹ்னியும் இதை அறிவித்தபோது, டைனோசர் காலத்தின் கடைசிக் கட்டத்து இந்தியப் பாலூட்டி முதன்முறையாக உலகுக்குத் தெரிந்தது. குஜராத்தின் பழுப்பு நிலக்கரிச் சுரங்கங்களில் கிடைத்த கேம்பேதீரியம், ஏறக்குறைய 5.45 கோடி ஆண்டு பழையது. குதிரை, காண்டாமிருகம் ஆகியவற்றின் மூதாதைக் கிளைக்கு மிக அருகில் வரும் விலங்கு.

இன்னும் வடக்கே, ஜம்முவின் காலாகோட்டில், ஏறக்குறைய 4.8 கோடி ஆண்டு பழைய பாறையில் இண்டோஹையஸ் இருந்தது. பூனையை ஒத்த உடல், மெல்லிய கால்கள், மான்-பன்றி வகைக்கே உரிய கணுக்கால். இந்தியப் புவியியலாளர் ஏ. ரங்கா ராவ் அந்தக் கற்களைச் சேகரித்து வைத்திருந்தார். அவர் மறைவுக்குப் பல ஆண்டுகளுக்குப் பிறகு அவை புதைபடிவ ஆய்வாளர் ஹான்ஸ் தெவிசனின் ஆய்வகத்துக்குப் போயின. அங்கே ஒரு மண்டையோட்டைக் கல்லிலிருந்து பிரிக்கும்போது தவறுதலாகக் காதுப் பகுதி உடைந்தது. உடைந்த இடத்தில் தெரிந்த எலும்பின் உள்சுவர் தடித்திருந்தது. அதுவரை அப்படித் தடித்த காதெலும்பு ஒரே கூட்டத்தில்தான் தெரிந்திருந்தது: திமிங்கிலங்களில்.